ஏழணை: காலம் தேங்குமா, காரணம் தீருமா?

கரைநடை (இழையைத் தொடங்கியவர்)

மூன்று வருடமாக ஒரு கற்பனை நாடு வரைகிறேன். பெயர் ஏழணை. வரைபடம், ஊர்ப்பெயர், யாருக்கு யாரோடு சண்டை என்பதெல்லாம் ஒரு வழிக்கு வந்துவிட்டன; காலம் மட்டும் உதைக்கிறது. கதை எழுத உட்கார்ந்தால் இருபதாம் பக்கத்தில் நானே போட்ட விதி என் காலை வாரிவிடுகிறது. அதனால் இங்கே கொட்டுகிறேன். முகம் பார்க்காமல் உடைத்துப் பாருங்கள்.

நான் பிறந்தது கிளிநொச்சியில், இரணைமடுக் குளத்துக்குக் கீழே, வாய்க்கால் கரையில். காலம் ஆறு மாதிரி ஓடும் என்று புத்தகத்தில் படித்தபோது எனக்கு அது பிடிபடவேயில்லை. நான் கண்டதெல்லாம் தேங்கி நிற்கிற தண்ணீர். துருசு, அதாவது குளத்து மதகு, திறந்தால் வரும், பூட்டினால் நிற்கும். குளத்தில் இத்தனை அடி என்றால் சிறுபோகம் இத்தனை ஏக்கர், அதற்குமேல் ஒரு வரம்புக்கும் தண்ணீர் இல்லை. அடுத்த ஆறு மாதம் குளத்துக்குள் கண்ணால் பார்க்கக்கூடிய உயரத்தில் நின்றது. அதை அப்படியே தூக்கி ஒரு நாட்டுக்கு விதியாக வைத்தேன்.

ஏழணையில் ஏழு குளம், ஒன்றுக்குக் கீழே ஒன்று: தலைமடு, நாவல்மடு, கூழாமடு, ஆத்திமடு, விளாமடு, பாலைமடு, கடைமடு. தேங்குவது தண்ணீர் மட்டும் இல்லை, நாட்களும். மாரியில் நாட்கள் மழையோடு விழும். ஒவ்வொரு ஊரும் தன் துருசைத் திறந்து தன் நாட்களை எடுத்து வாழும். அகலத் திறந்தால் நெல் சட்டென்று விளையும், குழந்தைகள் சட்டென்று வளரும், கிழவர்களும் சட்டென்று போய்ச் சேருவார்கள். பூட்டிவைத்தால் ஒரே மத்தியானம் மாதக்கணக்கில் கிடக்கும். மேலூர் வாழ்ந்து கழித்தது கீழ்க்குளத்துக்கு வரவு. குளக்கட்டு வழியே மேலே ஏறி நடந்தால், அந்தக் குளம் இதுவரை திறந்துவிட்ட நாட்கள் அளவுக்கு நீங்கள் பழைய காலத்துக்குப் போகிறீர்கள்.

இரண்டாவது விதியில்தான் எனக்குப் பெருமை. நாம் காரணத்தைச் சங்கிலி என்கிறோம். ஒரு வளையம் அடுத்ததை இழுக்கும், இழுத்த பிறகும் அப்படியே இருக்கும். ஏழணையில் காரணம் என்பது தண்ணீர்ப் பங்கு. ஒரு வயலுக்குப் பாய்ந்தது மற்ற வயலுக்கு இல்லை. தகப்பன் மகனை ஏசுகிறான், மகன் வீட்டைவிட்டுப் போகிறான். அந்த ஏச்சு அதோடு செலவு. தாய் அழுகிறாள் என்றால் அவளுடைய அழுகைக்கு வேறு காரணம் தேட வேண்டும். ஏச்சைப் பாதி பாதியாகப் பிரித்தால் மகன் படலைவரை போய்த் திரும்பி வருவான், தாய் கண் கலங்குவதோடு நின்றுவிடுவாள்.

மூன்றாவது, கடன். காரணம் கையில் இல்லாமலே விளைவை எடுக்கலாம். கதிர் வருமுன்பே நெல்லுக்குக் காசு வாங்கிவிடுகிறோமே, அப்படி. தாய் முதலில் அழுவாள். அந்த அழுகைக்குரிய காரணத்தை அந்தக் குடும்பம் பிறகு கட்டியே ஆக வேண்டும்.

இனிச் சிக்கல். கடைமடுக் குளக்கட்டு உடைந்து ஊர் போகிறது. தப்பிய ஒரு பெண் ஆறு குளக்கட்டும் ஏறித் தலைமடுவுக்குப் போகிறாள். அங்கே உடைப்புக்கு இன்னும் நாள் இருக்கிறது. "தண்ணீர் வரப்போகிறது" என்கிறாள். அவர்கள் பயந்து, தங்கள் கட்டைக் காப்பாற்ற, மிஞ்சிய தண்ணீரை வெளியே விடுகிற வான்கதவைத் திறக்கிறார்கள். கடைமடுவை உடைத்தது அந்தத் தண்ணீர்தான். எச்சரிக்கையால் வெள்ளம், வெள்ளத்தால் எச்சரிக்கை. இதில் எது வரவு, எது செலவு?

கச்சான்கொட்டை

முறிகண்டிப் பிள்ளையார் கோயிலடியில் பஸ் நின்றபோது வாசித்தேன். தேங்காய் உடைக்கப் போனவர்கள் திரும்பி வருவதற்குள் உன் இரண்டாம் விதி உடைந்துவிட்டது தம்பி.

ஒருவர் வந்து "சங்கக் கடைக்கு மண்ணெண்ணெய் வந்திருக்காம்" என்று சொன்னால் பத்து நிமிடத்தில் ஊரே கானோடு நிற்கும். ஒரு சொல், முந்நூறு கான். சொல் எங்கே செலவானது? போகப் போகப் பெருக்கிறதே.

கரைநடை

இதை யோசிக்கவில்லை அண்ணை. ஒவ்வொரு காதிலும் கொஞ்சம் பலம் குறையும் என்று வைக்கலாமா?

கச்சான்கொட்டை

குறையாது. மூன்றாவது காதுக்குப் போகும்போது மண்ணெண்ணெய் பெற்றோலாகியிருக்கும்.

கறுவல்

நாட்டில் உரம் விற்கிற விலைக்கு நீங்கள் இல்லாத ஊரில் இல்லாத தண்ணீருக்குப் பங்கு பிரிக்கிறீர்கள். நடத்துங்கோ.

அலைகரை

கறுவல், உரத்துக்குத் தனி இழை இருக்கிறது, அங்கே உமக்கு நான் பதிலும் போட்டிருக்கிறேன்.

கரைநடை தம்பி, நீர் தண்ணீரை மட்டும் பார்த்துவிட்டு விதை நெல்லை மறந்துவிட்டீர். ஏக்கருக்கு இரண்டு புசல் விதைக்கிறோம். ஆண்டவன் கண் திறந்தால் எழுபது புசல் எடுக்கிறோம். விதை செலவாகிறதா? மண்ணுக்குள் போன விதை போனதுதான், ஆனால் பெருகிவருகிறது. தண்ணீர் அப்படியில்லை. பாய்ச்சிய தண்ணீர் பாய்ச்சியதுதான், அது குட்டி போடாது. ஆகவே காரணத்தில் இரண்டு சாதி வைத்துக்கொள்ளும்: விதைக்காரணம், நீர்க்காரணம். கச்சான் சொன்ன மண்ணெண்ணெய்க் கதை விதை. நீர் சொன்ன பங்குக் கணக்கு நீர்க்காரணத்துக்கு மட்டும்.

துளசிமாடம்

ஐயா வயலிலிருந்து சொன்னதைத்தான் சைவசித்தாந்த வகுப்பில் குடத்தை வைத்துச் சொல்லித் தருகிறோம். குடத்துக்கு மண் முதற்காரணம். சக்கரமும் தண்டும் துணைக்காரணம். குயவன் நிமித்த காரணம். மண் குடமாகவே மாறி அதற்குள் இருக்கிறது. சக்கரம் சுற்றிவிட்டு நின்றுவிடுகிறது, குடத்துக்குள் சக்கரம் இல்லை. மூன்றையும் ஒரே கயிற்றில் கட்டினால் கரைநடைக்கு வந்த குழப்பம்தான் வரும்.

தம்பி செய்த இன்னொரு பிழையையும் சொல்லிவிடுகிறேன். சித்தாந்தத்தில் வித்தியா தத்துவம் ஏழு: காலம், நியதி, கலை, வித்தை, அராகம், புருடன், மாயை. இதில் காலம் வேறு, நியதி வேறு. எவ்வளவு, எப்போது என்று வரையறுப்பது காலம். அவரவர் வினைப்பயன் அவரவருக்கே போய்ச் சேரும்படி பிடித்து நிறுத்துவது நியதி. இரண்டையும் வேறாக வைத்ததில் ஒரு கூர்மை இருக்கிறது. ஏழணையில் ஒரே துருசுக்குள்ளால் நாட்களும் வருகின்றன, யாருக்கு என்ன பலன் என்பதும் வருகிறது. உங்கள் ஊரில் துருசு இருக்கிறது, பங்கு பிரிக்கிற ஆள் இல்லை. தண்ணீர் வந்தால் போதுமா, யாருடைய வயலுக்கு என்று ஒருவர் சொல்ல வேண்டாமா?

கரைநடை

அக்கா, பங்கு பிரிக்கிற ஆள் இல்லை என்ற வசனத்தை இரண்டு தரம் வாசித்தேன். போகத்துக்கு முன் கூட்டம் வைக்காமல் எந்தக் குளத்திலும் துருசு திறப்பதில்லை. நான் ஏழு குளம் கட்டிவிட்டு ஒரு கூட்டமும் வைக்கவில்லை.

பௌதிக சேர்

எனக்கு வேறு இடத்தில் இடிக்கிறது. துருசை அகலத் திறந்தால் நாட்கள் "வேகமாக" வரும் என்கிறீர். எதோடு ஒப்பிட்டு வேகம்? தண்ணீர் வேகமாகப் பாய்கிறது என்றால் கரையில் நின்று கடிகாரத்தைப் பார்க்கலாம். காலமே வேகமாகப் பாய்ந்தால் கரையில் நிற்கிறவனுடைய கடிகாரமும் அதே குளத்தில்தானே நனைகிறது? ஊரே சேர்ந்து வேகமானால் ஊருக்குள் ஒருவருக்கும் தெரியாது. அடுத்த ஊர்க்காரன் வந்து பார்த்துச் சொன்னால்தான் உண்டு.

இதை வீண் குடைச்சல் என்று நினைக்க வேண்டாம். இது நிஜ உலகத்திலும் உள்ள விஷயம். ஜிபிஎஸ் செய்மதியில் இருக்கிற கடிகாரம் நிலத்திலுள்ள கடிகாரத்தைவிட ஒரு நாளில் சுமார் 38 மைக்ரோசெக்கன் முந்தும். செய்மதியின் ஓட்டம் அதைக் கொஞ்சம் பிந்தவைக்கிறது, உயரம் அதைவிடக் கூடுதலாக முந்தவைக்கிறது. கழித்தால் மிஞ்சுவது 38. அதைத் திருத்தாமல் விட்டால் உம்முடைய கைபேசி உம்மை வயலுக்குப் பதில் குளத்துக்குள் இறக்கிவிடும். உயரத்தில் கடிகாரம் முந்தும் என்பதால் உமது தலைமடு உண்மையிலேயே கடைமடுவைவிட முந்தித்தான் ஓடும், மிக மிகச் சொற்பமாக. உமது கதையில் திசை மறுபக்கம் என்றாலும், உயரத்துக்கு உயரம் காலம் வேறுபடும் என்று உமக்குத் தெரியாமலே சரியாக எழுதியிருக்கிறீர்.

ஆனால் ஒவ்வொரு ஆளுக்கும் தன்னோடு வருகிற ஒரு கடிகாரம் தேவை. அது இல்லாமல் அந்தப் பெண்ணை ஆறு குளக்கட்டும் ஏற்ற முடியாது. மேலே போய்ச் சேரும்போது அவளுக்கு வயது கூடியிருக்குமா, குறைந்திருக்குமா? அதைச் சொல்லும்.

அலைகரை

சேர், உங்கள் கேள்விக்கு விடை என் லொறியில் இருந்தது.

இப்போதுள்ள பிள்ளைகளுக்குத் தெரியாது. 1996 மே மாதம் கொழும்பு கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளியது, மின்சாரத் தட்டுப்பாடு என்று. அந்த ஒக்டோபரில் அரை மணியைத் திருப்பி எடுத்தது. மீதி அரை மணி 2006 ஏப்ரல்வரை நின்றது. வன்னியில் அப்போது புலிகளின் நிருவாகம். அங்கே பழைய நேரம்தான், ஒரு நிமிடமும் அசையவில்லை. 2002இல் ஏ9 பாதை திறந்தபின் நான் முல்லைத்தீவிலிருந்து மாங்குளம் வழியாக வவுனியாவுக்கு மீன் ஏற்றினேன். ஓமந்தையில் இரு தரப்புக்கும் நடுவிலிருந்த சூனியப் பிரதேசத்துக்கு இந்தப் பக்கம், வன்னியில், ஒரு நேரம், அந்தப் பக்கம் அரை மணி முந்திய நேரம்.

சோதனைக்குக் காத்துக் கிடந்ததைக் கழித்துவிட்டுக் கணக்குப் பாருங்கள். இந்தப் பக்கத்தில் 9.30க்கு வெளிக்கிட்டுக் கால் மணித்தியாலம் ஓடினால் அந்தப் பக்கத்தில் 10.15. திரும்பும்போது 2.00 மணிக்கு வெளிக்கிட்டால் 1.45க்கு வந்து சேர்ந்துவிடுவேன். புறப்படுவதற்குக் கால் மணித்தியாலம் முன்பே வந்து சேர்ந்த ஆள் நான். என் மனுசி கேட்பாள், "எந்த நேரத்துக்கு வருவியள்?" என்று. "எந்த நேரத்தில் கேட்கிறாய்?" என்பேன். இடது கையில் ஒன்று, டாஷ்போர்ட்டில் ஒன்று என்று இரண்டு கடிகாரம் வைத்திருந்தேன்.

பின்னால் ரெஜிபோம் பெட்டிகளில் மீனும் ஐஸும். ஐஸுக்கு ஓமந்தையும் தெரியாது, அரை மணியும் தெரியாது. அது தன்பாட்டில் உருகிக்கொண்டிருந்தது. வவுனியா முதலாளி என் கடிகாரத்தை ஒருநாளும் பார்த்ததில்லை. மூடியைத் திறந்து பெட்டிக்குள் கையை விடுவார். விரலில் எவ்வளவு தண்ணீர், எவ்வளவு ஐஸ் என்று பார்த்து விலை சொல்லுவார். நான் எத்தனை மணிக்கு வந்தேன் என்று சரியாகத் தெரிந்த ஒரே ஆள் அவர்தான்.

கரைநடை தம்பி, அந்தப் பெண்ணின் கையில் உருகுகிற ஒன்றைக் கொடும்.

பௌதிக சேர்

ஐயா, இருபது வருடமாக வகுப்பில் படிப்பிக்கிறேன், இதைவிட நல்ல உதாரணம் என்னிடம் இல்லை. வகுப்புக்கு எடுத்துப் போகிறேன். ஒன்று மட்டும் சேர்க்கிறேன்: ஓமந்தையில் மாறியது நேரத்தின் பெயர். ஐஸ் காட்டியது நேரம். ஏழணையில் இரண்டும் மாறுகின்றன, அதுதான் கூடுதல் சுவாரசியம்.

கச்சான்கொட்டை

2006இல் கொழும்பு அரை மணியைத் திருப்பியபோது வன்னியில் ஒருவரும் கடிகாரத்தைத் தொடவில்லை. பத்து வருடம் பிழையான நேரம் காட்டிய கடிகாரம் ஒரே இரவில் சரியாகிவிட்டது. இதற்குக் காரணம் எந்தக் குளத்துக் கணக்கில் வரும்?

நாவற்பழம்

நான் இன்னும் படிக்கிற பிள்ளை, பிழை என்றால் ஏசாதீர்கள்.

"முன்னோர்" என்றால் முன்பு இருந்தவர்கள். "முன்னால் நிற்கிறார்" என்றால் கண்ணுக்கு எதிரே. இரண்டும் ஒரே முன். "பின்னால் பார்த்துக்கொள்ளலாம்" என்றால் பிறகு. "பின்னால் வருகிறார்" என்றால் முதுகுப் பக்கம். அப்படியென்றால் நம் மொழியில் நடந்து முடிந்தது கண்ணுக்கு முன்னால் இருக்கிறது, நடக்கப்போவது முதுகுக்குப் பின்னால் இருக்கிறது. ஆனால் எதிர்காலம் என்ற சொல் மட்டும் முன்னாலிருந்து எதிர்ப்பட்டு வருகிறது. இது எனக்கு எப்போதும் குழப்பமாக இருக்கும்.

கரைநடை அண்ணாவின் கடைமடுவில் நின்று மேலே பார்த்தால் இரண்டும் சரியாக வருகிறது. மேலே தெரிகிற தண்ணீர் ஏற்கெனவே பெய்து முடிந்தது. இனி எங்களிடம் வரப்போவதும் அதே தண்ணீர்தான்.

துளசிமாடம்

பிள்ளை, இந்த இழையிலேயே நல்ல பதிவு இதுதான்.

வாய்க்கால்கடை

இவ்வளவு நாளும் வாசித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். எழுதுவதா வேண்டாமா என்று யோசித்துத்தான் எழுதுகிறேன்.

2018 டிசம்பர் 21 இரவு பெய்த மழையை இங்கே பலருக்கு ஞாபகம் இருக்கும். எங்கள் வீடு வாய்க்கால் முடிகிற இடத்தில். விடியப்புறம் கட்டிலிலிருந்து காலை இறக்கினேன், கணுக்காலுக்குத் தண்ணீர். ஆடு கட்டியிருந்த கொட்டில் எங்களைவிடப் பள்ளம். மற்றதை எழுத விருப்பமில்லை.

அதன்பிறகு ஆளாளுக்கு ஒரு காரணம் சொன்னார்கள். மழை என்றார்கள். குளத்து வான்கதவு என்றார்கள், திறந்தது பிந்தி என்று ஒருவர், திறந்ததே பிழை என்று இன்னொருவர். வாய்க்கால் தூர்ந்து கிடந்தது என்றார்கள். பள்ளத்தில் வீடு கட்டியது உங்கள் பிழை என்று எனக்கே சொன்னவர்களும் உண்டு. ஒவ்வொருவரும் தன்னுடைய காரணம்தான் முழுக் காரணம் என்று நின்றார்கள். அதனால் காரணத்தைப் பங்காகப் பார்க்கிற கரைநடையின் விதி எனக்குப் பிடித்திருக்கிறது. மழைக்கு இத்தனை, கதவுக்கு இத்தனை, தூர்ந்த வாய்க்காலுக்கு இத்தனை, எனக்கும் கொஞ்சம். அப்படிச் சொல்லியிருந்தால் கேட்டிருப்பேன்.

ஆனால் அந்தப் பெண்ணின் கதை எனக்குப் பிடிக்கவில்லை. வீடு போய், ஊர் போய், ஆறு குளக்கட்டு ஏறிப்போய் எச்சரித்தவளின் தலையிலேயே வெள்ளத்தையும் கட்டுகிறீர்கள். வட்டம் அழகாக இருக்கிறது என்பதற்காகவா?

கரைநடை

அக்கா, உண்மையில் அதற்காகத்தான். வட்டம் மூடினால் கதை நன்றாக இருக்கும் என்று நினைத்தேன். இதை எப்படிச் சரிசெய்வது என்று இப்போது எனக்குத் தெரியவில்லை. யோசிக்கிறேன்.

பௌதிக சேர்

கரைநடை யோசிக்கட்டும். நான் இரண்டு விஷயம் சொல்கிறேன்.

காலத்தில் வட்டம் என்பது கணக்கில் வராத ஒன்றல்ல. ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளுக்கு கோடெல் 1949இல் ஒரு தீர்வு கொடுத்தார். சுழல்கிற ஒரு பிரபஞ்சம். அதில் முன்னே போய்க்கொண்டே இருந்தால் தன் பழைய காலத்துக்கே வந்து சேர்கிற பாதைகள் இருக்கின்றன. நமது பிரபஞ்சம் அப்படிச் சுழல்கிறது என்பதற்குச் சான்று இல்லை, அது வேறு கதை. வட்டம் இருந்தால் அதற்குள் என்ன நடக்கலாம் என்பதற்கு நோவிகோவ் ஒரு நிபந்தனை சொன்னார்: தன்னோடு தான் முரண்படாத நிகழ்ச்சி மட்டும் நடக்கும். அந்தக் கணக்கில் அந்தப் பெண் வெள்ளத்தைத் தடுக்கவே முடியாது. கரைநடை எழுதியது அதுதான்.

மற்றது, பங்கு எப்படி அளப்பது? "அது இல்லாமலிருந்தால் இது நடந்திருக்குமா?" என்று கேட்பதுதான் வழக்கம். ஆனால் இரண்டு வாய்க்கால் ஒரே குளத்துக்குள் வந்து விழுகின்றன, ஒவ்வொன்றும் தனியாகவே கட்டை உடைக்கப் போதும் என்று வையுங்கள். இது இல்லாவிட்டாலும் உடைந்திருக்கும், அது இல்லாவிட்டாலும் உடைந்திருக்கும். அப்போது இரண்டுக்கும் பங்கு பூச்சியமா? கட்டு உடைந்துதானே கிடக்கிறது?

கறுவல்

காகம் குந்தவும் பனம்பழம் விழவும் சரியாக இருந்தது. இதற்கு ஒரு கூட்டம் போட்டுக் காகத்துக்கு அரைப் பங்கு கொடுப்பீர்களா?

(கறுவல் இன்னும் இந்த இழையில்தான் இருக்கிறேன் என்பதைக் கவனிக்க.)

துளசிமாடம்

கறுவல் பகிடிக்குக் கேட்டாலும் நல்ல கேள்வி. காகத்தையும் கொண்டுவந்து பழத்தையும் விழுத்தியது ஒரே காற்றாக இருக்கலாம். அப்போது காகத்துக்குப் பங்கு இல்லை, காற்றுக்கு இரண்டு பங்கு.

அலைகரை

சேரின் இரண்டு வாய்க்காலுக்குக் குளத்தில் வழி இருக்கிறது. யார் யார் காரணம் என்று தலையை உடைக்கத் தேவையில்லை, யார் முறையில் உடைந்தது என்று பார்க்க வேண்டும். முறைத் தண்ணீர் என்று ஒன்று இருக்கிறதல்லவா? இன்று இரவு உன் முறை, நாளை என் முறை. என் முறையில் வரம்பு வெட்டுப்பட்டால் நான்தான் மண் போட வேண்டும். நாளைக்கு உன் முறையில் எப்படியும் வெட்டுப்பட்டிருக்கும் என்று நான் வாதாட முடியாது. முந்தி வந்த தண்ணீர் பங்கை எடுத்துவிட்டது. பிந்தி வந்த தண்ணீருக்கு உடைக்க ஒன்றும் மிச்சமில்லை.

இனி அந்தப் பெண்ணின் வட்டம். தம்பி, நீர் வரைந்ததைத் திரும்பப் பாரும். தலைமடுவில் திறந்த தண்ணீர் எங்கிருந்து வந்தது? மழை. கடைமடுவை உடைத்தபின் எங்கே போனது? கடலுக்கு. தண்ணீர் வட்டம் போடவில்லை. மேலே விழுந்து கீழே போய்விட்டது. வட்டம் போட்டது அவளுடைய சொல் மட்டும். சொல்லோ விதைக்காரணம் என்று முன்பே பேசிவிட்டோம். விதை யாருடையது என்றாலும் விளைச்சல் வயல்காரனுடையது. அவள் சொல்லைக் கேட்டுக் கதவு திறந்தவன் தன் வயலில்தான் விதைத்தான். பங்கு அவனுக்கு.

வாய்க்கால்கடை

ஐயா, கேட்க ஆறுதலாகத்தான் இருக்கிறது. ஆனால் நீங்களும் ஒன்றை விட்டுவிட்டீர்கள். மழை எப்படியும் வந்திருக்கும், அவள் நேரத்தை மட்டும்தான் மாற்றினாள் என்றால், நேரம் சின்ன விஷயமா? அதே தண்ணீர் பகல் இரண்டு மணிக்கு வந்திருந்தால் ஆடுகளை அவிழ்த்து விட்டிருப்பேன். எத்தனை அடி வந்தது என்பதைவிட எத்தனை மணிக்கு வந்தது என்பதுதான் எனக்குக் கணக்கு.

அலைகரை

ஓம் பிள்ளை. அதற்கு என்னிடம் பதில் இல்லை.

கரைநடை

நாலு நாள் எடுத்துவிட்டேன். கொஞ்சம் வெட்டி ஒட்டியிருக்கிறேன், பாருங்கள்.

சொல், விதை, வதந்தி, பகை எல்லாம் பெருகுகிற காரணம். அவற்றுக்குப் பங்குக் கணக்கு இல்லை. தண்ணீர், பலம், நேரம் செலவாகும் காரணம். இவற்றைப் பங்கு பிரிக்க ஒவ்வொரு மாரிக்கு முன்னும் ஏழு ஊரும் கூழாமடுவில் கூடும். மழை விழுமுன்பே, நடக்காத நிகழ்ச்சிகளுக்குப் பங்கு எழுதுவார்கள். பிந்தி வந்த காரணத்துக்குப் பங்கு கிடையாது. ஆனால் அது தீர்ந்தும் போகாது, அடுத்த வருடக் கணக்கில் நிலுவையாக நிற்கும். கறுவலின் காகத்துக்கும் நிலுவைப் புத்தகத்தில் ஒரு பக்கம் உண்டு.

வாய்க்கால்கடை அக்கா சொன்னதன்பின் வட்டத்தை உடைத்துவிட்டேன். அவள் தலைமடுவில் தண்ணீர் வரும் என்று சொல்லவில்லை. "எப்படியும் திறப்பீர்கள், பகலில் திறவுங்கள்" என்கிறாள். அவ்வளவுதான் கேட்கிறாள். அவர்கள் கேட்டார்களா என்பதை இன்னும் எழுதவில்லை. கேட்டிருந்தால் ஊரில் சிலர் தப்பியிருப்பார்கள். தப்பியவர்களில் ஒருத்தியாக அவளே இருந்தால் முதல்முறை அவள் தப்பியது எப்படி என்றும் விளங்கிவிடுகிறது. சேரின் நிபந்தனைக்கும் இது பிழையில்லை என்று நினைக்கிறேன்.

கசிவு என்று ஒன்று புதிதாகச் சேர்த்திருக்கிறேன். குளம் நிரம்பினால் துருசு பூட்டியிருந்தாலும் கட்டுக்குக் கீழேயுள்ள கிணறுகளில் தண்ணீர் ஏறும், பார்த்திருப்பீர்கள். நாட்களும் அப்படிக் கட்டுக்கு அடியால் கசியும். ஒருவரும் திறந்துவிடாத நாட்கள். அவற்றோடு வருகிற நிகழ்ச்சிகளுக்கு ஊர்க் கணக்கில் காரணம் இருக்காது.

உருகுகிற பொருளுக்கு நிறைய யோசித்தேன். நாழிகை வட்டில் நல்ல சாமான். அடியில் துளையுள்ள கிண்ணம், தண்ணீரில் மிதக்கவிட்டால் 24 நிமிடத்தில் நிரம்பித் தாழும். ஆனால் அதைக் கையில் பிடித்துக்கொண்டு குளக்கட்டு ஏற முடியாது. கடைசியில் பனங்கட்டி. அவள் கொடுப்புக்குள் ஒரு பனங்கட்டியை அடக்கிக்கொண்டு நடக்கிறாள். எந்தக் குளத்தில் எந்த நாள் நடந்தாலும் அது ஒரே வேகத்தில்தான் கரையும். ஒரு குளக்கட்டுக்கு ஒரு பனங்கட்டி, மொத்தம் ஆறு. தலைமடு ஏறும்போது ஆறாவது நாக்கில் கரைந்து முடிகிறது. மடியில் வேறு இல்லை. திரும்பிப் போக அவளிடம் காலம் இல்லை.

பௌதிக சேர்

வயது கூடியது என்று ஒத்துக்கொண்டீர், ஆறு பனங்கட்டி அளவு. திருப்தி. தப்பிய கணக்கும் சரி, முரண் இல்லை. ஒரு சின்னத் திருத்தம்: கரையும் வேகம் நடக்கிறவளின் வாயைப் பொறுத்தது, பயந்தால் வாய் காயும். கதைக்கு அது நல்லது.

நாவற்பழம்

அண்ணா, அவள் ஏறிப் போகும்போது முன்னால் போகிறாளா பின்னால் போகிறாளா?

கரைநடை

இரண்டும்தான் பிள்ளை. நீ சொல்லித் தந்ததுதானே.

வாய்க்கால்கடை

பகலில் திறவுங்கள் என்று கேட்பது நல்லது. அதை அப்படியே வைத்திருங்கள்.

கச்சான்கொட்டை

எல்லாம் சரி. ஆறு குளக்கட்டு ஏறி வந்தவளுக்குத் தலைமடுவில் ஒரு பிளேன்ரீ கொடுத்தார்களா?

கரைநடை

கொடுத்தார்கள் அண்ணை. ஆனால் ஆறிப்போய் இருந்தது. அவள் வருமுன்பே யாரோ ஊற்றித் திண்ணையில் வைத்திருக்கிறார்கள், யார் என்று கேட்டால் ஒருவருக்கும் தெரியவில்லை. பக்கத்தில் ஒரு பனங்கட்டியும் இருந்தது, பாதி கடித்தபடி.